ஊர்க்காரரே நடித்த ஊர்: நியூ ஆர்லியன்ஸும் 'ட்ரமே' தொடரும் – ஒரு நிகழ்வு ஆய்வு

2005 ஆகஸ்ட் 29 அன்று கத்ரினா புயல் தாக்கியபோது பிலிஸ் மொன்டானா-லெப்லாங் அமெரிக்காவின் நியூ ஆர்லியன்ஸ் நகரத்தின் கிழக்குப் பகுதியில், ஓர் அடுக்குமாடிக் குடியிருப்பில் இருந்தார். வெள்ளக் கரைகள் உடைந்து நகரத்தின் 80 சதவீதம் தண்ணீருக்குள் போனது. அடுத்த ஆண்டு இயக்குநர் ஸ்பைக் லீ ஹெச்பிஓ தொலைக்காட்சிக்காக எடுத்த நான்கு மணி நேர ஆவணப்படத்தில் மேயர், ஆளுநர், பொறியாளர்கள், இசைக் கலைஞர்கள் என்று ஏறத்தாழ நூறு பேர் பேசினார்கள். பார்த்தவர்கள் மனதில் பதிந்தது பிலிஸ்தான். அரசு தந்த டிரெய்லர் வீட்டில் இருந்துகொண்டு, கோபத்தைக் குறைக்காமல், வாயில் வந்த வசவை விழுங்காமல் பேசினார். நடுநடுவே வாய்விட்டுச் சிரிக்கவும் செய்தார். தானே எழுதிய கவிதை ஒன்றையும் அந்தப் படத்தில் வாசித்தார். 2008இல் தன் அனுபவத்தைப் புத்தகமாக எழுதினார். 2010 ஏப்ரல் 11 அன்று அதே ஹெச்பிஓவில் 'ட்ரமே' தொடர் தொடங்கியபோது டெசிரே என்ற பாத்திரத்தில் அவரைப் பார்க்க முடிந்தது.

பேரிடரின் சாட்சியாகக் கேமரா முன் வந்த ஒருவர், நான்கே ஆண்டுகளில் அதே ஊரைப் பற்றிய கற்பனைக் கதையில் நடிகையாகிவிட்டார். ஓர் ஊரின் பண்பாட்டை அந்த ஊர்க்காரரே திரையில் தாங்கி நின்றால் என்ன கிடைக்கும், அதற்கு விலை என்ன, லாபம் யார் கைக்குப் போகும் என்று ஆராய இதைவிட நல்ல நிகழ்வு எனக்குத் தெரியவில்லை. பிலிஸோடு இன்னும் சிலரையும் சேர்த்துப் பார்த்தால்தான் முழுப் படமும் தெரியும்.

முதலில் அந்த ஊர்

ட்ரமே, பிரெஞ்சுக் குடியிருப்பை ஒட்டியுள்ள பேட்டை. அடிமை முறை நடப்பில் இருந்த காலத்திலேயே சுதந்திரமான கறுப்பின மக்கள் நிலம் வாங்கி வீடு கட்டிக்கொண்ட இடம். ஞாயிற்றுக்கிழமைகளில் அடிமைகள் கூடிப் பறை கொட்டி ஆடிய காங்கோ சதுக்கம் அதன் ஓரத்தில்தான் இருக்கிறது. இருபதாம் நூற்றாண்டில் கிளைபோர்ன் அவென்யூவின் நடுவே வரிசையாக நின்ற ஓக் மரங்களின் நிழலில்தான் கறுப்பினக் குடும்பங்கள், கிறிஸ்தவத் தவக்காலத்துக்கு முந்தைய நாள் வரும் மார்டி கிரா திருநாளைக் கொண்டாடின. 1966இல் அந்த மரங்களை வெட்டிவிட்டு நெடுஞ்சாலை மேம்பாலம் கட்டினார்கள். இன்றும் மக்கள் மார்டி கிரா அன்று அங்கேதான் கூடுகிறார்கள், மரத்தடிக்குப் பதில் பாலத்தடியில். கத்ரினா வருவதற்கு நாற்பது ஆண்டுகள் முன்பே இந்தப் பேட்டை இழக்கத் தொடங்கிவிட்டது என்பதை மறந்துவிட்டு இந்தத் தொடரைப் பேச முடியாது.

புயலுக்குப் பிறகு எண்ணிக்கையே கதை சொல்லும். 2000 கணக்கெடுப்பில் நகரத்தில் 4,84,674 பேர். 2010இல் 3,43,829 பேர். திரும்பி வந்த கலைஞர்களுக்கும் தெருவில் நிம்மதி இல்லை. ஞாயிறுதோறும் பேட்டைச் சங்கங்கள் பேண்டு வாத்தியத்தோடு நடத்தும் 'செகண்ட் லைன்' ஊர்வலங்களுக்கான கட்டணத்தைப் போலீஸ் உயர்த்தியது. சங்கங்கள் நீதிமன்றம் போய்த்தான் அதைக் குறைக்க முடிந்தது. 2007 அக்டோபர் 1 அன்று டியூபா கலைஞர் கெர்வின் ஜேம்ஸின் மறைவுக்காக ட்ரமே தெருவில் பாடிக்கொண்டு போன ஊர்வலத்தைப் போலீஸ் தடுத்து நிறுத்தியது. டிரம் கலைஞர் டெரிக் டாப், அவருடைய சகோதரர் டிராம்போன் கலைஞர் க்ளென் டேவிட் ஆண்ட்ரூஸ் இருவரையும் கைது செய்தது. இழவுக்குப் பாடுவதற்கும் அனுமதி வாங்க வேண்டும் என்றார்கள். அந்த ஆண்ட்ரூஸ் பின்னர் 'ட்ரமே'யில் ஆண்ட்ரூஸாகவே வந்தார்.

யார் எழுதினார்கள், யார் வாசித்தார்கள்

தொடரை உருவாக்கிய டேவிட் சைமன் பால்டிமோர்காரர், பழைய பத்திரிகை நிருபர். 'தி வயர்' தொடரிலேயே பால்டிமோர் தெருக்களிலிருந்து ஃபெலிஷியா பியர்சனைப் போன்றவர்களைக் கூட்டிவந்து நடிக்க வைத்தவர். இணைப் படைப்பாளி எரிக் ஓவர்மயருக்கு நியூ ஆர்லியன்ஸில் வீடு உண்டு. இருவருக்கும் ஊர்மேல் பிரியம் இருந்தது. ஆனாலும் வெளியூர் ஆள் வெளியூர் ஆள்தானே. எழுத்தறையில் உள்ளூர் ஆள் ஒருவர் இருக்க வேண்டும் என்று முடிவு செய்ததுதான் இந்தத் தொடரின் முதல் நல்ல காரியம். அப்படி வந்தவர் லோலிஸ் எரிக் ஈலி. 'டைம்ஸ்-பிகயூன்' நாளிதழில் பத்தி எழுதியவர், ட்ரமேயில் பழைய வீடு ஒன்றை வாங்கிப் புதுப்பித்தவர், அந்தப் பேட்டையின் வரலாற்றைப் பற்றி 2008இல் ஓர் ஆவணப்படமும் எழுதியவர்.

பாத்திரங்களுக்கும் ஊரில் மூலம் இருந்தது. டேவிஸ் என்ற வானொலிக்காரர் உள்ளூர் இசைக்கலைஞர் டேவிஸ் ரோகனின் சாயல். சமையல் கலைஞர் ஜேனட்டுக்கு சூசன் ஸ்பைசரும், வழக்கறிஞர் டோனிக்கு மேரி ஹோவலும் மாதிரிகள். டிராம்போன் வாசிக்கும் அந்துவான் பாத்திரத்தில் நடித்த வெண்டல் பியர்ஸ் அதே ஊரில் பான்சர்ட்ரெயின் பார்க்கில் வளர்ந்தவர். இனப் பிரிவினைக் காலத்தில் கறுப்பின நடுத்தரக் குடும்பங்களுக்காக உருவான குடியிருப்பு அது. வெள்ளத்தில் மூழ்கிய அந்த இடத்தை மீண்டும் எழுப்பும் வேலையிலும் பியர்ஸ் முன்னால் நின்றார். இந்தப் பாத்திரத்துக்கு முன் அவருக்கு டிராம்போன் வாசிக்கத் தெரியாது. திரையில் நமக்குக் கேட்பது ரீபர்த் பிராஸ் பேண்டின் ஸ்டாஃபர்ட் ஏகி ஊதியது.

இசை விஷயத்தில் அவர்கள் எடுத்த முடிவை நான் பெரிதாக மதிக்கிறேன். ஸ்டுடியோவில் பதிவு செய்ததை ஓடவிட்டு வாயசைக்க வைப்பதுதான் படப்பிடிப்பில் சுலபம், செலவும் குறைவு. 'ட்ரமே'யில் பெரும்பாலும் படப்பிடிப்புத் தளத்திலேயே நேரடியாக வாசித்ததைப் பதிவு செய்தார்கள். இதனால் அழகு கூடியது மட்டும் இல்லை. பேண்டு கலைஞர் தளத்தில் நின்று வாசித்தால் அவர் அந்தக் காட்சியின் உழைப்பாளி ஆகிறார். எவ்வளவு வேகம், எந்த இடத்தில் திருப்பம், யார் முன்னே நடப்பது என்பதை அவர்தான் தீர்மானிப்பார். இயக்குநர் அவருக்குப் பின்னால் போக வேண்டியதுதான்.

உள்ளூர்க்காரர்கள் எவ்வளவு கூர்ந்து பார்ப்பார்கள் என்பதற்கு ஒரு சின்ன உதாரணம். முதல் பகுதியின் கதை புயலுக்கு மூன்று மாதம் கழித்து நடக்கிறது. அதில் சமையல் கலைஞர் தன் கைப்பையிலிருந்து ஹூபிக்ஸ் என்ற உள்ளூர் இனிப்புப் பணியாரத்தை எடுத்து விருந்தினருக்குப் பரிமாறுகிறார். ஆனால் அந்த நேரத்தில் ஹூபிக்ஸ் ஆலை திறக்கவே இல்லை. ஊர் இதைப் பிடித்துக்கொள்ளும் என்று தெரிந்து, தொடர் வருவதற்கு முன்பே சைமன் உள்ளூர் நாளிதழில் நீண்ட கடிதம் எழுதி, தெரிந்தேதான் அந்தச் சலுகையை எடுத்துக்கொண்டதாக ஒப்புக்கொண்டார். இந்தப் பயம் ரொம்ப நல்ல பயம். நியூயார்க்கில் இருக்கும் விமர்சகரைவிட ட்ரமேயில் இருக்கும் பாட்டியை முக்கியமாக நினைத்தால்தான் அப்படி ஒரு கடிதம் வரும்.

பிலிஸ்

இனி பிலிஸுக்கு வருவோம். டெசிரே, அந்துவானுடன் வாழும் பெண், அவருடைய கைக்குழந்தையின் தாய். வீட்டு வாடகை, பால் செலவு, இரவு எந்நேரத்துக்கு வந்தாய், நேற்று வாசித்த காசு எங்கே என்று கேட்பவள். கதைச் சுருக்கத்தில் ஒரு வரிகூட வராத பாத்திரம்.

ஆவணப்படத்தில் அவருக்குக் கிடைத்த இடம் வேறு மாதிரி. அங்கே அவருடைய வேதனைதான் பொருள். என்ன நடந்தது, எப்படித் தப்பித்தீர்கள், யார் கைவிட்டார்கள் என்றே கேள்விகள் வரும். அதில் தப்பில்லை, அந்த நேரத்தில் கேட்க வேண்டிய கேள்விகள்தான். ஆனால் பேரிடரில் சிக்கிய ஊரின் ஆட்களைத் திரை எப்போதும் அந்த ஒரு நிலையிலேயே வைத்துப் பார்க்கும். அழுது முடித்ததும் கேமரா கிளம்பிவிடும். டெசிரேவாக வந்த பிலிஸுக்குச் சண்டை போடவும், கிண்டல் செய்யவும், சமையலறையில் சலித்துக்கொள்ளவும், புருஷனை நம்பாமல் பார்க்கவும் இடம் இருந்தது. புயல் அந்த வீட்டுக்குள்ளும் இருக்கிறது. ஆனால் வீட்டில் வேறு நூறு விஷயங்களும் இருக்கின்றன. சாதாரண மனுஷியாகத் திரையில் இருக்கும் உரிமைதான் அவருக்குக் கிடைத்த பெரிய விஷயம் என்பது என் கருத்து.

அவருடைய பேச்சைத் தனியாகக் கவனிக்க வேண்டும். நியூ ஆர்லியன்ஸ் பேச்சு வழக்கு சினிமாவில் நெடுங்காலமாகச் சிதைந்து வந்த ஒன்று. தெற்கத்திய வழக்கு என்று பொதுவாக ஒன்றைக் கற்றுக்கொண்டு எல்லோரும் இழுத்து இழுத்துப் பேசுவார்கள். ஊர்க்காரர்கள் கேட்டுவிட்டுத் தலையில் அடித்துக்கொள்வார்கள். பிலிஸும் பியர்ஸும் எதிரெதிரே நின்று பேசும் காட்சிகளில் அந்தப் பிரச்சினையே எழவில்லை. எங்கே வார்த்தையை முழுங்க வேண்டும், எங்கே குரலை ஏற்ற வேண்டும் என்பது பயிற்சியாளர் சொல்லிக்கொடுத்து வருவதில்லை.

மூன்றாம் பருவத்தில் டெசிரேவின் அம்மா வீட்டை நகர நிர்வாகத்தின் இடிப்பு வேலைகள் விழுங்கிவிடுகின்றன. அதுவரை வீட்டுக்குள்ளேயே சண்டை போட்டுக்கொண்டிருந்த அந்தப் பெண் வெளியே வந்து கேள்வி கேட்கத் தொடங்குகிறாள். வெள்ளத்துக்குப் பிறகு வீடுகளைச் சீராக்கும் திட்டத்தில் நடந்த முறைகேடுகளை 2008 வாக்கில் உள்ளூர் எழுத்தாளர்களும் தொலைக்காட்சிச் செய்தியாளர்களும் வெளிக்கொண்டு வந்த உண்மைச் சம்பவங்கள்தான் இதற்குப் பின்னணி. ஆவணப்படத்துப் பிலிஸின் கோபம் இங்கே ஒரு பாத்திரத்தின் கோபமாகத் திரும்பி வருகிறது. மூன்று பருவங்களாக அந்தப் பெண்ணோடு ஒரே வீட்டில் இருந்த பார்வையாளருக்கு இப்போது அது அந்நியரின் துயரமாகத் தெரியாது. தேர்ந்த நடிகை ஒருவர் இதைச் செய்திருக்க முடியாதா? செய்திருக்கலாம். ஆனால் பிலிஸ் செய்தபோது ஊரே சேர்ந்து பேசியதுபோல் இருந்தது.

லயனல் மாமா

பிலிஸுக்கு ஒரு பாத்திரம் இருந்தது. 'அங்கிள் லயனல்' என்று ஊரே அழைத்த லயனல் பாட்டிஸ்ட் அவராகவே வந்தார். ட்ரமேயில் பிறந்து வளர்ந்தவர். கழுத்தில் பெரிய பேஸ் முரசை மாட்டிக்கொண்டு ட்ரமே பிராஸ் பேண்டில் வாசித்தவர். அந்த பேண்டுக்கு 2006இல் தேசிய பாரம்பரியக் கலைஞர் விருது கிடைத்தது. கோட்டு, தொப்பி, கறுப்புக் கண்ணாடி, கைத்தடி, கைக்கடிகாரத்தை மணிக்கட்டில் கட்டாமல் உள்ளங்கையைச் சுற்றிக் கட்டும் பழக்கம் என்று தெருவில் ஒரு கிலோமீட்டர் தூரத்திலேயே அடையாளம் தெரியும் ஆள். பையன்களுக்கு வாசிக்கக் கற்றுக்கொடுத்ததோடு எப்படி நடக்க வேண்டும், எப்படி உடுத்த வேண்டும் என்றும் சொல்லிக்கொடுத்தவர்.

இங்கேதான் எனக்குத் தயக்கம் வருகிறது. இப்படிப்பட்ட ஒருவரைத் திரையில் காட்டுவது மிகச் சுலபம். நிறுத்தி வைத்தாலே போதும், காட்சி நிறைந்துவிடும். வசனம் தேவையில்லை, கதை தேவையில்லை. ஊர்ப் பெரியவர் ஒருவர் காட்சிக்கு அலங்காரமாகிப் போகும் ஆபத்து அதில் இருக்கிறது. சுற்றுலா விளம்பரங்கள் வெகுகாலமாகச் செய்வதும் அதைத்தான். 'ட்ரமே' இந்த எல்லையைப் பல முறை உரசிக்கொண்டு போகிறது. சில இடங்களில் தாண்டியும் விடுகிறது. இசை விடுதிக் காட்சிகளில் புகழ்பெற்ற முகங்கள் வரிசையாக வந்து வணக்கம் சொல்லிவிட்டுப் போகும்போது கதை நின்று காத்திருக்கிறது.

கெர்மிட் ரஃபின்ஸ் வரும் இடம் இதற்கு நல்ல மாற்று. ரீபர்த் பேண்டை 1983இல் தொடங்கியவர்களில் ஒருவர், வாகன்ஸ் என்ற சிறிய விடுதியில் வியாழக்கிழமைதோறும் வாசித்து வந்தவர். முதல் பகுதியில் உலகப் புகழ் பாடகர் ஒருவர் அங்கே வந்து உட்கார்ந்திருக்கிறார். போய்ப் பேசு, வாய்ப்பு கிடைக்கும் என்று டேவிஸ் பிடுங்குகிறான். கெர்மிட் அசையவில்லை. இதே ஊரில் டிரம்பெட் வாசித்துக்கொண்டு, கறி சுட்டுக்கொண்டு வாழ்நாள் முழுக்க இருந்துவிடப் போகிறாயா என்று அவன் கேட்க, அதுவே போதும் என்கிறார். அந்தக் காட்சியில் அவர் அலங்காரம் இல்லை. அவருக்கு ஒரு கருத்து இருக்கிறது. வாழ்க்கையில் முன்னேறுவது என்றால் என்ன என்பதில் டேவிஸோடும் பார்க்கும் நம்மோடும் அவர் முரண்படுகிறார்.

லயனல் பாட்டிஸ்ட் 2012 ஜூலை 8 அன்று காலமானார். தொடர் அப்போது முடிந்திருக்கவில்லை. ட்ரமேயில் உள்ள சார்போனே இறுதிச் சடங்கு நிலையத்தில் அவர் உடலைப் படுக்க வைக்கவில்லை. தெரு விளக்குக் கம்பத்தில் சாய்ந்தபடி, தொப்பியும் கைத்தடியுமாக, பக்கத்தில் முரசோடு நிற்க வைத்தார்கள். மக்கள் வரிசையில் வந்து பார்த்தார்கள். எந்தத் திரைக்கதை ஆசிரியரும் எழுதத் துணியாத காட்சி அது. ஊர் தன்னைத் தானே எப்படிக் காட்டிக்கொள்ளும் என்பதற்குத் தொடரைவிடப் பெரிய சான்று.

இறகும் மணியும், அதன் உரிமையும்

மிகச் சிக்கலான பகுதி மார்டி கிரா இந்தியர்கள் ('இந்தியர்' என்பது இங்கே அமெரிக்கப் பூர்வகுடிகளைக் குறிக்கும் பழைய பெயர்). தப்பி ஓடிய அடிமைகளுக்கு அடைக்கலம் கொடுத்த அமெரிக்கப் பூர்வகுடிகளைப் போற்றி, கறுப்பின ஆண்களும் பெண்களும் 19ஆம் நூற்றாண்டின் பிற்பகுதியிலிருந்து இறகாலும் மணியாலும் ஆன பிரம்மாண்ட உடைகளைத் தைத்து அணிந்து தெருவில் வருகிறார்கள். ஆண்டுதோறும் புதிய உடை. பல மாதம் இரவு இரவாகக் கையால் கோக்க வேண்டும். கட்டடத் தொழிலாளியும் பூச்சு வேலைக்காரரும் தங்கள் சொந்தக் காசைக் கொட்டிச் செய்கிற வேலை இது. மார்டி கிராவை அடுத்து மார்ச் 19, புனித ஜோசப் நாள் இரவும் அவர்களுக்கு முக்கியம். 2005ஆம் ஆண்டு அந்த இரவில் போலீஸ் கெடுபிடி செய்தது. அதைப் பற்றி விசாரிக்க ஜூன் 27 அன்று நகர மன்றம் கூடியபோது, யெல்லோ போகஹான்டஸ் குழுவின் தலைவராகப் பல பத்தாண்டுகள் இருந்த 82 வயது அலிசன் 'டூட்டி' மொன்டானா மைக்கின் முன் பேசிக்கொண்டிருந்தபோதே சரிந்து விழுந்து இறந்தார். கத்ரினா வர இன்னும் இரண்டு மாதம் இருந்தது.

தொடரில் இந்தத் தலைவரின் இடத்தில் ஆல்பர்ட் லம்ப்ரோ என்ற பாத்திரம். நடித்தவர் கிளார்க் பீட்டர்ஸ். நியூயார்க்கில் பிறந்து லண்டனில் வாழ்ந்தவர். அருமையான நடிப்பு, அதில் எனக்குச் சந்தேகமே இல்லை. பாத்திரத்தின் மூலம் 1998இல் மறைந்த டொனால்ட் ஹாரிசன் சீனியர். அவருடைய மகன், சாக்ஸபோன் கலைஞர் டொனால்ட் ஹாரிசன் ஜூனியர், ஆலோசகராக இருந்தார், திரையிலும் வந்தார். சுற்றி நிற்கும் குழுவில் உண்மையான இந்தியர்கள் இருந்தார்கள். சரி, அப்படியென்றால் நடுவில் நிற்பவர் மட்டும் ஏன் வெளியூர்? தொழில்முறைக் காரணம் புரிகிறது. பல பருவங்களைத் தாங்க வேண்டிய பாத்திரத்துக்கு அனுபவம் வேண்டும். ஆனால் பிலிஸை நம்பிய தயாரிப்பு இங்கே நம்பிக்கையைச் சற்றுச் சுருக்கிக்கொண்டது என்றுதான் சொல்வேன்.

இருந்தாலும் தொடரின் ஆகச் சிறந்த காட்சி இந்தப் பகுதியில்தான் வருகிறது. இறந்துபோன தோழனுக்காக இந்தியர்கள் இடிந்த வீட்டின் முன் கூடிப் பாடும்போது, பேரிடரைப் பார்க்க வந்த சுற்றுலாப் பேருந்து ஒன்று அங்கே நிற்கிறது. பயணிகள் படம் எடுக்கிறார்கள். போய்விடுங்கள் என்று ஆல்பர்ட்டின் ஆட்கள் சொல்ல, ஓட்டுநர் மன்னிப்புக் கேட்டு வண்டியை எடுக்கிறார். அந்தப் பேருந்தில் இருப்பது நாம்தான். தொடரின் கேமராவும் அதே பேருந்தில்தான் வந்தது என்பதை எழுதியவர்கள் உணர்ந்திருக்கிறார்கள்.

திரைக்கு வெளியே இந்தக் கேள்வி சட்டமாகவே எழுந்தது. இந்தியர்களின் உடைகளைப் படம் எடுத்து நாட்காட்டியாகவும் சுவரொட்டியாகவும் விற்பவர்கள் பலர். தைத்தவருக்கு ஒன்றும் வராது. உடுத்தும் பொருளுக்கு அமெரிக்கச் சட்டத்தில் பதிப்புரிமை கிடைப்பது கடினம். டுலேன் பல்கலைக்கழகத்தில் கற்பித்த வழக்கறிஞர் ஆஷ்லி கீட்டன் வேறு வழி கண்டார்: இவற்றை உடையாகப் பார்க்க வேண்டாம், சிற்பமாகப் பதிவு செய்யலாம். தொடர் தொடங்கிய அதே 2010இல் கிரியோல் வைல்ட் வெஸ்ட் குழுவின் தலைவர் ஹோவர்ட் மில்லர் அப்படிப் பதிவு செய்ய முன்வந்தார். தெருவில் நின்று ரசிப்பவர் படம் எடுக்கட்டும், அதை விற்றுக் காசு பார்ப்பவர் கேட்டுவிட்டு எடுக்கட்டும் என்பதே அவர்கள் நிலை. ஊர்க்காரரைத் திரையில் காட்டும் எந்தத் தயாரிப்பாளரும் முதலில் பார்க்க வேண்டிய இடம் இது என்று நினைக்கிறேன். முகத்துக்குச் சம்பளம் கொடுத்துவிட்டோம் என்று நிம்மதி அடைவது சுலபம். முகத்தோடு வந்த கைவேலையும் பாட்டும் நடையும் யாருடையவை?

தொடர் முடிந்த பிறகு

பார்வையாளர் எண்ணிக்கை எப்போதும் குறைவுதான். நான்காம் பருவத்தை ஐந்தே பகுதிகளாகச் சுருக்கி, 2013 டிசம்பரில் முடித்தார்கள். மொத்தம் 36 பகுதிகள். பிலிஸ் கடைசிவரை இருந்தார். டெரிக் டாப் தொடங்கிய 'ரூட்ஸ் ஆஃப் மியூசிக்' அமைப்பு பிள்ளைகளுக்கு வாத்தியம் கற்றுக்கொடுக்கிறது. கெர்மிட் ரஃபின்ஸ் 2014 ஜனவரியில் கிளைபோர்ன் அவென்யூவில் மூடிக் கிடந்த 'மதர்-இன்-லா லவுஞ்ச்' விடுதியைத் திறந்தார். அதுவே போதும் என்ற பதிலில் அவர் உறுதியாகத்தான் இருந்திருக்கிறார்.

ஆனால் ட்ரமேயில் வாடகை ஏறியது. பேட்டைக்குக் கிடைத்த புகழும் அதற்கு ஒரு காரணம். தொடர் மட்டுமே காரணம் என்று சொல்வது நியாயம் ஆகாது. பல வீடுகள் சுற்றுலாப் பயணிகளுக்கான குறுகிய கால வாடகைக்குப் போயின. 2019 ஆகஸ்டில் நகர மன்றம், குடியிருப்புப் பகுதிகளில் உரிமையாளர் அங்கேயே குடியிருந்தால்தான் அப்படி விடலாம் என்று விதி போட்டது. வெளியூர் உரிமையாளர்கள் வழக்குப் போட்டார்கள். 2022இல் கூட்டாட்சி மேல்முறையீட்டு நீதிமன்றம் அந்தக் குடியிருப்பு நிபந்தனையை ரத்து செய்தது. அடுத்த ஆண்டு நகரம் மாற்று விதி கொண்டுவந்தது: நான்கு தெருக்கள் சூழ்ந்த ஒரு சதுக்கத்துக்குப் பொதுவாக ஒரே ஓர் அனுமதி. ட்ரமேயின் தெருக்களில் முரசு கொட்டும் பையன்களின் குடும்பங்கள் அதே தெருக்களில் வாடகைக்கு இருக்க முடியுமா என்பதை இப்போது இந்த விதிகளும் சேர்ந்தே தீர்மானிக்கின்றன.